எச் ஐம்பதும் அக்கா சொன்ன ஒரு வரியும்

மெசேஜ் வந்தபோது நான் கிரைண்டிங் மெஷினில் நின்றிருந்தேன். ஷிப்டில் போனைத் தொடக் கூடாது என்பது எங்கள் கம்பெனிச் சட்டம். ஆனாலும் பேண்ட் பாக்கெட்டில் அது துடித்ததுமே மெஷினை நிறுத்தினேன். மகளின் கண் ஆபரேஷனுக்கு அனுமதி கேட்டு ஆஸ்பத்திரியிலிருந்து இன்சூரன்ஸுக்கு எழுதியிருந்தார்கள். அதற்கான பதிலாகத்தான் இருக்கும். பாத்ரூம் என்று சூப்பர்வைசருக்குக் கையைக் காட்டிவிட்டு ஓடினேன்.

முழுக்க இங்கிலீஷ். நான் ஒன்பதாம் வகுப்பைப் பாதியில் விட்டவன். எழுத்துக் கூட்டிப் படிப்பேன், அர்த்தம் பாதிதான் பிடிபடும். ஆனால் அதில் எனக்கு நன்றாகத் தெரிந்த ஒரு வார்த்தை இருந்தது. ரிஜெக்டட். எங்கள் ஷாப்பில் அளவு தப்பிய பீஸைச் சிவப்புத் தொட்டியில் போட்டு அந்த வார்த்தையைத்தான் ஒட்டி வைப்போம்.

டீ நேரத்தில் பக்கத்து மெஷின்காரரிடம் போனை நீட்டினேன். என்னைவிட மூத்தவர், ஐ.டி.ஐ. படித்தவர், பெங்களூரை ஒட்டிய ஆனேக்கல்லிலிருந்து வருகிறவர். கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு படித்தார்.

"பொறவியிலயே இருக்கற கொறைன்னு போட்டுக்கிறான்பா. பொறவிக் கொறைக்குப் பாலிசி கெடையாதாம்."

"பொறவியா? எவண்ணே சொன்னான் பொறவின்னு?"

"என்னைக் கேட்டா? உன் பொண்ணு, நீதான் சொல்லணும்." என் முகத்தைப் பார்த்துவிட்டுத் தோளில் தட்டினார். "வுடு, உனக்கென்ன? அதிர்ஷ்டக் கண்ணை வீட்லயே வெச்சினுக்கற. எல்லாம் தானா வரும்."

வேறு நாளாக இருந்தால் சிரித்திருப்பேன்.

என் மகளுக்குப் பிறக்கும்போது கண் நேராகத்தான் இருந்தது. இரண்டரை வயதில், ஒரு ஞாயிற்றுக்கிழமை, தட்டிலிருந்த பூந்தியை ஒவ்வொன்றாகப் பொறுக்கித் தின்றுகொண்டிருந்தாள். நான் கூப்பிட்டதும் நிமிர்ந்தாள். இடது கண் என்னைப் பார்த்தது. வலது கண் மூக்குப் பக்கமாகச் சாய்ந்து நின்றது. கொஞ்ச நேரத்தில் சரியாகிவிட்டது. மறுபடி பூந்தியைப் பார்த்தாள், மறுபடி உள்ளே போனது. நான் சாவிக்கொத்தை எடுத்து அவள் முகத்துக்கு எதிரே இப்படியும் அப்படியும் ஆட்டினேன்.

"ஏங்க, கொழந்தைய ஏன் பயமுறுத்தறீங்க?" என்றாள் மனைவி.

பயந்திருந்தது நான். எங்கள் இருவரில் அந்த வேலை என்னுடையது. காற்றடித்தால் கரண்ட் கம்பி அறுந்து விழுவதை நினைப்பேன். மனைவி வர நேரமானால் பஸ் கவிழ்ந்ததை நினைப்பேன். அவள் வந்து செருப்பைக் கழற்றும்போது நான் மனதுக்குள் ஆம்புலன்ஸில் ஏறியிருப்பேன்.

அந்த நாட்களில் மகள் வாரம் முழுக்க அடுகோடி ஏரியாவில் என் அக்கா வீட்டில் இருந்தாள். மனைவிக்குக் கார்மெண்ட்ஸ் வேலை, எனக்கு ஷிப்ட். சனிக்கிழமை சாயங்காலம் போய்க் கூட்டி வருவோம். அக்கா என்னை வளர்த்தவள் மாதிரிதான்; இப்போது என் மகளை வளர்த்தாள். கண்ணைப் பற்றிக் கேட்டதும் அவள் அலட்டிக்கொள்ளவே இல்லை. "மாறுகண்ணு யோகம்டா. இது தெரியாம மூஞ்சியத் தொங்கப் போட்டுனு வந்துட்டான்" என்றாள்.

அக்கா இருக்கும் தெரு முழுக்கப் பட்டறைகள். கொஞ்ச நாளிலேயே மகள் அந்தத் தெருவுக்கு அதிர்ஷ்டக் கண்ணாகிவிட்டாள். மெக்கானிக் ஒருவர் புது வண்டி வாங்கினால் பூஜை போட்டதும் அவளைத்தான் முதலில் சீட்டில் உட்கார வைப்பார். லேத் பட்டறைக்காரர் ஒரு வெள்ளிக்கிழமை அவளைத் தூக்கிப்போய் ஷட்டர் திறந்தார். அன்றைக்குப் பெரிய ஆர்டர் வந்ததாம். 'ஒன்றரைக் கண்ணு' என்று தமிழிலும் 'மெள்ளெகண்ணு' என்று கன்னடத்திலும் கத்திய பிள்ளைகளை அக்கா துடைப்பத்தோடு துரத்தினாள். யார் கேட்டாலும் அவளிடம் ஒரே பதில்: "பொறந்ததுல இருந்தே இப்படித்தான். பொறவி யோகம்." ஏனென்றால் அந்த யோகத்துக்கும் ஒரு விதி உண்டு. பிறக்கும்போதே இருந்தால்தான் அதிர்ஷ்டம். நடுவில் வந்தால் அது கண்ணேறு, இல்லாவிட்டால் யாரோ சரியாகப் பார்த்துக்கொள்ளாத குற்றம்.

நான் யோகத்தை நம்பிச் சும்மா இருக்கிறவன் இல்லை. ஆஸ்பத்திரிக்குக் காட்டியே ஆகவேண்டும் என்று நச்சரித்தேன். ஆனால் முதல் தடவை எனக்கும் லீவு கிடைக்கவில்லை, மனைவிக்கும் கிடைக்கவில்லை. அக்காதான் கூட்டிப்போனாள். அதற்குப் பிறகு எல்லாத் தடவையும் நாங்களே போனோம். கண்ணாடி போட்டார்கள். நல்ல கண்ணை மூடிப் பட்டை ஒட்டினார்கள். கண்ணாடியில் பாதி சரியானது, மீதி அப்படியே நின்றது. கடைசியில் டாக்டரம்மா ஆபரேஷன் என்றார். கன்னடக்காரர், தமிழ் ஆட்களிடம் தமிழை நிறுத்தி நிறுத்திப் பேசுவார்.

"லேட் மாட வேண்டாம். திரும்பின கண்ணு சொல்றத மூளை ஒதுக்கிடும். சின்ன வயசுல நேர் பண்ணினா ரெண்டு கண்ணும் சேர்ந்து பார்க்கக் கத்துக்கும். ஆமேல... அப்புறம் கஷ்டம்."

அன்றிலிருந்து எனக்கு ஒரே நினைப்பு. மகள் பொம்மைப் புத்தகம் பார்க்கும்போதும் தூங்கும்போதும் உள்ளே அந்த மூளை ஒரு கண்ணைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தள்ளி வைத்துக்கொண்டிருக்கிறது. இன்சூரன்ஸ் இல்லாமல் அந்த ஆபரேஷன் எங்களால் ஆகாது. இலவசமாகச் செய்யும் இடமும் விசாரித்தோம். அங்கே முறை எப்போது வரும் என்று சொல்ல ஆளில்லை. தேதி குறித்தாகிவிட்டது. அதற்குள் வந்ததுதான் அந்த மெசேஜ்.

மறுநாள் அரை நாள் லீவு சொல்லிவிட்டு ஆஸ்பத்திரியின் இன்சூரன்ஸ் கவுண்டரில் போய் நின்றேன். அங்கே இருந்த பெண்ணுக்கு ஓசூர்ப் பக்கத்துத் தமிழ். போனை வாங்கிப் பார்த்தார், கம்ப்யூட்டரைப் பார்த்தார்.

"கோடு கரெக்டா இருக்கே சார்."

"என்னம்மா கோடு?"

"ஒவ்வொரு நோய்க்கும் ஒரு நம்பர் இருக்கும் சார். உலகம் பூரா அதே நம்பர்தான். உங்க பாப்பாக்கு எச் ஐம்பது புள்ளி சைபர். கண்ணு உள்ள திரும்பறதுக்கு அது. வெளிய திரும்பினா புள்ளி ஒன்னு. நாங்க சைபர்னுதான் அனுப்பிருக்கோம்."

ஒருவேளை மாற்றி அடித்திருந்தால்? "சைபர்தானே? நல்லாப் பாரும்மா."

அவர் திரையை என் பக்கம் திருப்பியே காட்டிவிட்டார். எச், ஐந்து, சைபர், புள்ளி, சைபர். எங்கள் டிராயிங்கில் இருக்கும் பார்ட் நம்பர் மாதிரிதான் இருந்தது. "நம்பர்ல பிரச்சினை இல்ல சார். கூடவே டாக்டர் எழுதின விவரம் போகும். எப்ப ஆரம்பிச்சுது, எப்படி ஆரம்பிச்சுதுன்னு. இதோ, முதல் விசிட்ல. பிறந்ததிலிருந்து. தகவல் சொன்னவர், அத்தை."

அந்த ஒரு வரிதான். முதல் நாள் ஜூனியர் டாக்டர் கேட்டிருக்கிறார், அக்கா தெருவில் எல்லாருக்கும் சொல்வதை அவரிடமும் சொல்லியிருக்கிறாள். பிறகு ஒவ்வொரு விசிட்டிலும் அந்த வரி அப்படியே கூடவே வந்திருக்கிறது. நாங்கள் இரண்டு பேரும் எதிரிலேயே உட்கார்ந்திருந்தோம், எங்களை யாரும் திரும்பக் கேட்கவில்லை. நாங்களும் இங்கிலீஷில் என்ன எழுதுகிறார்கள் என்று எட்டிப் பார்க்கவில்லை.

"அதை அழிச்சுடலாமாம்மா?"

அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். "அய்யோ சார், அப்படிச் சொல்லாதீங்க. டாக்டர்கிட்ட பேசுங்க."

டாக்டரம்மா கோபப்படவில்லை. அதுவே எனக்குப் பயமாக இருந்தது. எழுதியதை அழிக்க முடியாது, நீங்கள் கேட்டீர்கள் என்பதற்காக மாற்றவும் முடியாது என்றார். "யாரு சொன்னாங்களோ அவங்களே வந்து சொல்லட்டும். பழைய போட்டோ ஏதாவது தன்னி, கொண்டு வாங்க. பிளாஷ் போட்டது. கண்ணு திறந்து, நேரா பார்க்கற போட்டோ." எதற்கு என்று கேட்டேன். பிளாஷ் அடித்தால் கருவிழியில் வெள்ளைப் புள்ளி விழுமாம். இரண்டு கண்ணிலும் நடுவில் விழுந்திருந்தால் அன்றைக்குக் கண் நேராக இருந்தது என்று அர்த்தமாம்.

வீட்டுக்கு வந்து அலமாரியைக் கவிழ்த்தேன். ஒரு வயது வரைக்கும் எங்கள் பக்கத்தில் குழந்தையைப் போட்டோ எடுக்க விடமாட்டார்கள், கண் பட்டுவிடும் என்று. அதற்குப் பிறகு எடுத்தவையெல்லாம் என் பழைய போனோடு போய்விட்டன. மிச்சம் இருந்தது ஒரு வயது முடிந்ததும் நடந்த காதுகுத்தின் ஆல்பம் ஒன்று. அதில் மகள் மாமன் மடியில் மொட்டைத் தலையோடு இருக்கிறாள். எல்லாப் படத்திலும் வாயைப் பிளந்து, கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு அழுகிறாள். புரட்டப் புரட்ட அழுகை. சந்தனம் பூசின தலை, மூடின கண். ஒரு படத்தில் ஒற்றைக் கண்ணைத் திறந்திருந்தாள். அது இடது கண், நல்ல கண்.

"காது குத்தும்போது சிரிக்கவா செய்வாங்க?" என்றாள் மனைவி. "ஞாயித்துக்கெழம அண்ணி வீட்டுக்குப் போலாம். கத்தாம பேசணும் நீங்க."

பஸ் சில்க் போர்டு ஜங்ஷனைத் தாண்டுவதற்குள் நான் பேச வேண்டியதைப் பலமுறை பேசிப் பார்த்துவிட்டேன். போய் நின்றதும் எல்லாம் மறந்துபோய்க் கத்தத்தான் செய்தேன்.

"பொறந்ததுல இருந்தேன்னு சொன்னியா ஆஸ்பத்திரில?"

அக்கா கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். "ஆமா, சொன்னேன். அதுக்கென்ன?"

"பொறக்கும்போது நேராத்தான்கா இருந்துச்சு!"

"நீ என்னத்தக் கண்ட? ஷிப்டு ஷிப்டுன்னு ஓடினவன். நான்தான் எண்ண தேச்சுக் குளிப்பாட்டினேன். அப்பவே லேசா இருந்துச்சு. பொறவிதான்."

"அக்கா, அந்த ஒரு பேச்சாலதான் ஆபரேஷனே நின்னுபோச்சு."

அவள் கை நின்றது. ஆனால் நிமிரவில்லை. "ஆபரேஷன் எதுக்குடா? யோகத்தப் போய்க் கத்தி வெச்சு அறுக்கணும்றான்."

மனைவி எங்களைத் தாண்டிப் போனாள். டி.வி.க்கு மேலே மாட்டியிருந்த படத்தைக் கழற்றிக்கொண்டு வந்தாள். நான் எத்தனையோ சனிக்கிழமை அந்தப் படத்துக்குக் கீழே உட்கார்ந்து காபி குடித்திருக்கிறேன். காதுகுத்து முடிந்து அழுகை ஓய்ந்த பிறகு அக்கா இடுப்பில் மகள். வாயில் கற்கண்டு. கேமராவை முறைத்துப் பார்க்கிறாள். மனைவி முந்தானையால் கண்ணாடியைத் துடைத்து அக்கா மடியில் வைத்தாள்.

"அண்ணி, நீங்களே பாருங்க. ரெண்டு கண்ணுலயும் வெள்ளப் புள்ளி எங்க இருக்குது?"

அக்கா பார்த்தாள். கீரைக் காம்பு விரலில் ஒட்டியிருந்தது. நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன், மனைவி கண்ணாலேயே அடக்கினாள்.

"கட்டில்ல இருந்து வுழுந்துட்டாடா," என்றாள் அக்கா. குரல் அவளுடையதாகவே இல்லை. "நான் தண்ணி புடிக்கப் போயிருந்தேன். வந்து பாத்தா கீழ கெடந்து அழறா. வீக்கம்கூட இல்ல. ஒத்தடம் குடுத்தேன், வெளையாடப் போயிட்டா. அதுக்கப்புறம் ஒரு மாசம் இருக்கும், கண்ணு அப்படிப் போச்சு. என் வீட்ல இருந்தப்பதானே. என் கையில இருந்தப்பதானே. எப்படிடா சொல்லுவேன்? அப்புறம் உன் பொண்டாட்டி என்னை நம்பி வுடுவாளா?"

மனைவி அவள் பக்கத்தில் உட்கார்ந்து கீரையை எடுத்து ஆய ஆரம்பித்தாள். "என் கையில இருந்தப்பவும் வுழுந்திருக்கா அண்ணி. சைக்கிள்ல இருந்து. சொல்லல," என்றாள். அது எனக்கும் புதுச் செய்தி.

கோபம் போய்விட்டது. அந்த இடத்தில் வேறொன்று வந்து உட்கார்ந்தது. விழுந்தது என்று எழுதினால்? இன்சூரன்ஸ்காரன் ஆக்சிடெண்ட் என்பான். போலீஸ் காகிதம் எங்கே என்பான். ஒன்றரை வருஷம் ஏன் மறைத்தீர்கள் என்பான். ஒரு வரியை எடுக்கப் போய் அதைவிட மோசமான இன்னொரு வரியை எழுத வைத்துவிடுவோமா? மறுநாள் ஆஸ்பத்திரிக்குப் போகும் பஸ்ஸில் அக்கா காதில் சொன்னேன். "போட்டோவக் காட்டு. ரெண்டர வயசுலதான் வந்துச்சுன்னு சொல்லு. வுழுந்ததச் சொல்லாத."

"சரி" என்று தலையாட்டினாள்.

டாக்டரம்மா எதிரில் அக்கா நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தாள். போட்டோவைச் சட்டத்தோடு மடியில் வைத்திருந்தாள். டாக்டரம்மா அதை வாங்கி ஜன்னல் பக்கம் திருப்பி, பிறகு ஒரு லென்ஸை வைத்து, நெடுநேரம் பார்த்தார். அவர் மூச்சு விடுவதுகூட எனக்குக் கேட்டது. "ரெண்டும் நடுவுல" என்றார். பிறகு அக்காவைப் பார்த்து, "ஏன் பிறந்ததிலிருந்துன்னு சொன்னீங்க?"

நான் அக்காவின் காலை என் காலால் லேசாகத் தொட்டேன்.

"கட்டில்ல இருந்து வுழுந்துட்டா மேடம்," என்றாள் அக்கா. "என் வீட்லதான். இவன் சொல்லாதேன்றான். எனக்கு மனசு கேக்கல. அதாலதான் கண்ணு திரும்பிச்சுன்னா சொல்லிடுங்க. என்ன எழுதணுமோ எழுதிக்குங்க."

முடிந்தது என்று நினைத்தேன்.

டாக்டரம்மா பேனாவைக் கீழே வைத்தார். மயங்கினாளா, வாந்தி எடுத்தாளா, தூங்கிக்கொண்டே இருந்தாளா என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். இல்லை, இல்லை என்றாள் அக்கா. அவர் பழைய காகிதங்களைப் புரட்டி மகளின் கண்ணாடி பவரைக் காட்டினார். "இது பாருங்க. பிளஸ் பவர் ஜாஸ்தி. கிட்ட இருக்கறத தெளிவா பார்க்கணும்னா இந்தக் கண்ணு ரொம்ப பலம் போடணும். பலம் போட்டா உள்ள இழுக்கும். ரெண்டு, மூணு வயசுலதான் இது தெரிய ஆரம்பிக்கும். உங்க கட்டிலுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்லம்மா."

அக்கா அழவில்லை. "நெஜமாவா மேடம்?" என்று கேட்டாள். அவர் ஆமாம் என்ற பிறகு இன்னொரு தடவை கேட்டாள். அதற்கப்புறம் போட்டோவைத் திருப்பி வாங்கிக்கொள்ளவே மறந்துவிட்டாள், நான்தான் எடுத்துவந்தேன்.

பழைய வரி அப்படியே இருந்தது. அதற்குக் கீழே டாக்டரம்மா தேதி போட்டு, இரண்டரை வயதில் ஆரம்பித்தது என்று புதிதாக எழுதினார். கவுண்டர்ப் பெண் அதையும் போட்டோவின் நகலையும் அதே எச் ஐம்பது புள்ளி சைபரோடு மறுபடி அனுப்பினார். நம்பரில் ஒரு எழுத்தும் மாறவில்லை.

பதில் வரவில்லை. ஆபரேஷன் நாளும் வந்துவிட்டது. வந்து அட்மிட் ஆகிவிடுங்கள், பதினொன்றுக்குள் அனுமதி வந்தால் செய்துவிடலாம், வராவிட்டால் வீட்டுக்குப் போக வேண்டியதுதான் என்றார்கள். மகளுக்கு விடிகாலையிலிருந்து தண்ணீர்கூடக் கொடுக்கக் கூடாது. அக்கா முதல் பஸ்ஸிலேயே வந்துவிட்டாள்.

"அத்த, பிஸ்கெட்டு."

"தரேன் கண்ணு. டாக்டர் அத்தை வரட்டும்."

"அந்த அக்காக்கு மட்டும் டீ."

யாரோ ஒரு பெண் எதிரில் டீ குடித்துக்கொண்டிருந்தார். மகள் முறைத்ததைப் பார்த்து முந்தானைக்குள் டம்ளரை மறைத்துக்கொண்டு எழுந்து போனார். நான் கவுண்டருக்கும் வார்டுக்கும் நடந்தேன். கவுண்டர்ப் பெண் என்னைப் பார்த்ததும் தலையை மட்டும் ஆட்டினார், இல்லை என்று. இரண்டாவது தடவை போனபோது "கூடுதல் விவரம் கேட்டாங்க சார், அனுப்பிட்டோம்" என்றார். மூன்றாவது தடவை அவர் இடத்திலேயே இல்லை. பக்கத்துக் கவுண்டரில் விசாரித்தேன். அவர் தோசை சாப்பிடப் போயிருந்தார்.

"ஒக்காருங்க," என்றாள் மனைவி. "நீங்க நடக்கறதுல அவங்க சீக்கிரம் அனுப்பப் போறதில்ல."

"இவன் சின்ன வயசுலயே இப்படித்தான்மா," என்றாள் அக்கா. "ரிசல்ட் வர்றதுக்கு முந்தியே பெயிலுன்னு அழுவான். கடைசில பள்ளிக்கூடத்தையே வுட்டுட்டான்."

மகள்கூடச் சிரித்தாள். நான் சிரிக்கிற நிலையில் இல்லை. அப்போது படியில் செருப்புச் சத்தம். கவுண்டர்ப் பெண் தானே மேலே ஏறி வந்திருந்தார். மூச்சு வாங்கியது.

"வந்துடுச்சு சார். அப்ரூவ்டு."

"ஒழுங்காப் படிச்சியாம்மா?"

"நாலு தடவ படிச்சேன் சார். நீங்க கேப்பீங்கன்னு."

அடுத்து எல்லாம் வேகமாக நடந்தது. பச்சை கவுன் போட்டார்கள். கையில் பெயர்ப் பட்டை. வலது புருவத்துக்கு மேலே பேனாவால் ஒரு அம்புக்குறி. அந்த அம்பைப் பார்த்தபோதுதான் எனக்கு உறைத்தது, இனிமேல் உண்மையாகவே கண்ணில் கத்தி வைக்கப் போகிறார்கள். இத்தனை நாளும் நான் ஒரு வரிக்காகவும் ஒரு நம்பருக்காகவும் பயந்து முடித்திருந்தேன். இதற்குப் பயப்பட நேரமே கிடைக்கவில்லை. இப்போது மொத்தமாக வந்தது. மயக்க மருந்து. எழுந்திருப்பாளா? நானேதானே ஓடியோடி இந்த அனுமதியை வாங்கினேன்?

"ஒப்ரு மாத்ர பன்னி," என்றார் நர்ஸ். ஒருவர் மட்டும்தான் கதவு வரைக்கும் வரலாம். மகள் யாரையும் யோசிக்கவில்லை, அக்காவின் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். அக்கா மனைவியைப் பார்த்தாள். "நீங்களே போங்க அண்ணி," என்றாள் மனைவி. நான் அவள் கையைப் பிடித்திருந்தேன். அப்போதுதான் பார்த்தேன், பயப்படாதவளின் கை ஐஸாக இருந்தது.

அக்கா திரும்பி வந்தாள், கை காலியாக. மூன்று பேரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தோம். கதவு திறக்கும்போதெல்லாம் எழுந்தோம், வேறு யாரோ வந்தார்கள், உட்கார்ந்தோம்.

கடைசியில் டாக்டரம்மா தலைத்துணியை அவிழ்த்துக்கொண்டே வெளியே வந்தார். எங்கள் மூன்று பேரையும் பார்த்தார். களைப்பிலோ என்னவோ தமிழ் வரவில்லை. "ஆயித்து. சென்னாகிதாளெ," என்றார்.

பெங்களூருக்கு வந்து இருபது வருஷம். கன்னடத்தில் சண்டை போடுவேன், பேரம் பேசுவேன், லீவு கேட்பேன். ஆனாலும் மனைவியின் தோளைப் பிடித்து உலுக்கி, "என்ன சொல்றாங்க? என்ன சொல்றாங்க?" என்று கேட்டேன்.

"முடிஞ்சுதாம்," என்றாள். "நல்லா இருக்காளாம்."